புள்ளி உதிராத குவளை

எங்கள் வீட்டு அலுமாரியின் மேல்தட்டில் ஒரு வெள்ளைக் குவளை இருக்கிறது. அதில் கடும் நீல எழுத்தில் "எஙகள ஆசிரியருககு அனபுடன" என்றிருக்கிறது. அந்த எழுத்துகளைப் பசையுள்ள நிறத்தாளில் நான் வெட்டி ஒட்டிய நாளில் ஐந்து புள்ளிகளும் அதனதன் இடத்தில் இருந்தன. 2019 ஒக்டோபரில், ஆசிரியர் தினத்துக்காக, பிள்ளைகள் அதைத் தங்கள் வகுப்பாசிரியைக்குக் கொடுத்தார்கள். மூன்று வாரம் கழித்து அவர் அதைப் பையில் வைத்துக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார்.

"குறை சொல்ல வரவில்லை, தங்கச்சி. ஆனால் நான் தமிழ் படிப்பிக்கிறவள். இதை என்னுடைய மேசையில் எப்படி வைப்பேன்?"

அவருக்கு வேறொன்று செய்து கொடுத்துவிட்டு இதை நான் வைத்துக்கொண்டேன். அந்த வாரம் கொடுத்த 32 குவளைகளையும் பற்றி வீடு வீடாக விசாரித்தேன். 19 குவளைகளில் ஒரு புள்ளியாவது போயிருந்தது. எழுத்துகள் பெரும்பாலும் நின்றன; புள்ளிதான் முதலில் போகிறது. ஆங்கிலத்தில் ஓர் எழுத்தின் மேலுள்ள புள்ளி விழுந்தாலும் சொல்லை வாசித்துவிடலாம். தமிழில் புள்ளி விழுந்தால் மெய்யெழுத்து உயிர்மெய்யாகி, சொல்லே கெட்டுவிடுகிறது. ஒருவருடைய பெயரைக் குவளையில் போட்டுக் கொடுக்கிறவர் அந்தப் பெயரின் ஒவ்வொரு புள்ளிக்கும் பொறுப்பு. அன்றிலிருந்து நான் கற்றுக்கொண்டதில் முக்கால்வாசி, அந்தச் சின்னப் புள்ளியை நிற்க வைப்பது எப்படி என்பதுதான்.

நான் இருப்பது கிளிநொச்சி வட்டக்கச்சியில். 2019 ஆடியில் ரொரன்ரோவிலிருந்து வந்த அக்கா, வினைல் வெட்டும் சிறிய இயந்திரம் ஒன்றைக் கொண்டுவந்து தந்தார். வினைல் என்பது பின்புறம் பசையுள்ள நிறத்தாள். கடைப் பெயர்ப்பலகையிலும் முச்சக்கர வண்டிக் கண்ணாடியிலும் ஒட்டுகிறார்களே, அதே வகை. கணினியில் வரைந்த கோட்டின் வழியே இயந்திரத்தின் சிறு கத்தி ஓடும். நிறத்தாளை மட்டும் வெட்டி, அடியிலிருக்கும் மெழுகுத்தாளை வெட்டாமல் விட வேண்டும். வேண்டாத பகுதியை ஊசியால் கிள்ளி எடுத்துவிட்டு, மிஞ்சிய எழுத்தை ஓர் ஒட்டுத்தாளால் தூக்கிக் குவளையில் படிய வைக்க வேண்டும். சொல்வதற்கு அவ்வளவுதான். (எங்கள் பக்கத்தில் கோப்பை என்றால் சோறு போட்டுச் சாப்பிடுகிற கோப்பையையும் சொல்வார்கள். அதனால்தான் குவளை என்று எழுதுகிறேன். வீட்டுக்கு வருகிறவர்கள் கப் என்றோ மக் என்றோதான் கேட்பார்கள்.)

முதல் பிழை தாளில் இருந்தது. நான் வாங்கியது சுவர் அலங்காரத்துக்கான வினைல். அதன் பசை, பிறகு கழற்றி எடுப்பதற்கென்றே செய்யப்பட்டது. தண்ணீர் படப்படத் தளர்ந்துவிடும். ஒரகல் என்ற பெயரில் வருகிற தாள்களில் 631 கழற்றக்கூடிய வகை, மங்கலான மேற்பரப்புள்ளது. 651 நிரந்தரப் பசையுள்ளது. குவளைக்கு இரண்டாவதுதான் வேண்டும். வேறு தயாரிப்பாக இருந்தாலும் "நிரந்தரப் பசை" என்று உறையில் போட்டிருக்கிறதா என்று பார்த்த பிறகே காசைக் கொடுங்கள். மீற்றர் கணக்கில் வெட்டித் தருகிற கடைகளில் உறை இருக்காது. அங்கே சிறு துண்டு ஒன்றைக் கேட்டு வாங்கி வந்து, ஒரு கண்ணாடிப் போத்தலில் ஒட்டி, மூன்று நாள் விட்டு, இரண்டு நாள் தண்ணீரில் போட்டுப் பார்த்தால் தெரிந்துவிடும்.

தாளை மாற்றிய பிறகும் புள்ளிகள் விழுந்தன. முன்னைப்போல் அத்தனை இல்லை, ஆனால் விழுந்தன. காரணத்தைக் கண்டுபிடிக்க எனக்கு ஒரு வருடம் ஆயிற்று. அது எங்கள் கிணற்றுத் தண்ணீர்.

வன்னியில் வீட்டுக் கேத்தலைத் திறந்து பாருங்கள். அடியில் வெள்ளையாகக் கல் படிந்திருக்கும். அதே தண்ணீரில் கழுவிய குவளையைக் கவிழ்த்துக் காயவைத்தால், கண்ணுக்குத் தெரியாத மெல்லிய சுண்ணாம்புப் படலம் ஒன்று மினுங்கல் பூச்சின்மேல் நின்றுவிடும். பசை அந்தப் படலத்தைப் பிடித்துக்கொள்கிறது; பீங்கானைத் தொடுவதே இல்லை. பெரிய எழுத்துக்குப் பரப்பு அதிகம், அங்கங்கே எப்படியோ பற்றிக்கொள்ளும். இரண்டு மில்லிமீற்றர் புள்ளி எங்கே பற்றுவது?

இப்போது நான் செய்வது இது. புதிய குவளையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவுகிறேன். கடையில் ஒட்டியிருந்த விலைச்சீட்டின் பிசினைத் தேங்காய் எண்ணெயால் தேய்த்து எடுத்து, மறுபடி கழுவுகிறேன். பிறகு பாதித் தேசிக்காயால், அல்லது வினாகிரி தோய்த்த துணியால், வெளிப்பக்கம் முழுவதையும் துடைத்து ஐந்து நிமிடம் விடுகிறேன். அமிலம் சுண்ணாம்பைக் கரைத்துவிடும். கடைசியாக, வடிகட்டி வாங்குகிற குடிநீரால் ஒரு முறை அலசுகிறேன். மாரியில் முற்றத்து வாளியில் பிடித்த மழைத்தண்ணீர் இதற்கு மிக நல்லது. கழுவிய குவளையின்மேல் நீர் ஒரே விரிப்பாக வழிந்தால் சுத்தம். தாமரை இலையில் உருள்வதுபோல் துளிதுளியாக உருண்டால் எண்ணெய்ப் பசை இன்னும் இருக்கிறது. திரும்பக் கழுவ வேண்டும்.

காய்ந்த பிறகு அற்ககோலால் துடைக்க வேண்டும். இதிலும் ஓர் ஆண்டு அடிபட்டேன். 2020 ஊரடங்கு நாட்களில் ஐசோப்ரோப்பைல் அற்ககோல் கிடைக்கவில்லை. கைக்குப் பூசுகிற தொற்றுநீக்கி எல்லா வீட்டிலும் இருந்தது. அதுவும் அற்ககோல்தானே என்று அதனால் துடைத்து ஒட்டினேன். ஒட்டிய பெயர்கள் விரல் பட்டதும் வழுகின. தோல் வறண்டுபோகாமல் இருக்கத் தொற்றுநீக்கியில் கிளிசரின் சேர்க்கிறார்கள். உலக சுகாதார நிறுவனம் வெளியிட்ட செய்முறையிலேயே 1.45 வீதம் கிளிசரோல் இருக்கிறது. அற்ககோல் பறந்துவிடும், கிளிசரின் குவளையில் நின்றுவிடும். மருந்துக்கடை ஸ்பிரிட்டிலும் சில வகைகளில் ஆமணக்கெண்ணெய் சேர்ப்பதுண்டு; போத்தலில் எழுதியிருப்பதை வாசியுங்கள். சாதாரண 70 வீத ஐசோப்ரோப்பைல் போதும். நூல் உதிராத பருத்தித் துணியால் ஒரே திசையில் துடைத்துவிட்டு, அதற்குப் பிறகு ஒட்டப்போகும் இடத்தை விரலால் தொடவே கூடாது. கைப்பிடியைப் பிடித்துத் தூக்குங்கள்.

துடைத்தது சரியா என்று பார்க்க ஒரு வழி உண்டு. குவளையை வாய்க்கு அருகில் வைத்து மெதுவாக ஊதுங்கள். சுத்தமான இடத்தில் மூச்சின் ஈரம் ஒரே சீராகப் படிந்து, ஒரே நேரத்தில் மறையும். விரல் பட்ட இடம் ரேகையோடு தனியாகத் தெரியும். முதன்முதல் இதைச் செய்தபோது, நான் நன்றாகத் துடைத்தேன் என்று நினைத்திருந்த குவளையில் என்னுடைய பெருவிரல் முழுதாக இருந்தது.

எழுத்துக்கு வருகிறேன். அதுதான் எனக்குப் பெரிய விடயம்.

இயந்திரத்தோடு வந்த மென்பொருளில் "கோபி" என்று தட்டினேன். முன்னால் நிற்க வேண்டிய கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய் நின்றது, துணைக்கால் அதற்கும் அப்பால் தனியே நின்றது. தமிழைச் சேர்த்து எழுதத் தெரியாத மென்பொருள் அப்படித்தான் காட்டும். அதோடு சண்டை பிடித்துப் பயனில்லை. இன்க்ஸ்கேப் என்ற இலவச மென்பொருளில் யூனிகோட் எழுத்துருவால் பெயரைத் தட்டினால் கொம்பும் காலும் ஒழுங்காக வரும். அங்கேயே எழுத்தைக் கோட்டு வடிவமாக மாற்றி, ஒன்றன்மேல் ஒன்று ஏறுகிற பகுதிகளை ஒன்றாக இணைத்துவிட வேண்டும். இணைக்காவிட்டால் "கி" யின் மேல்வளைவு எழுத்தைத் தொடுகிற இடத்தில் கத்தி குறுக்கே ஓடி, ஓர் எழுத்தை இரண்டு துண்டாக்கிவிடும். பிறகு அந்தப் படத்தை வெட்டும் மென்பொருளுக்குக் கொடுத்தால், அதற்கு அது வெறும் கோடுதான். கெடுக்க ஒன்றும் இல்லை.

இலங்கையில் இன்னொரு சிக்கலும் இருக்கிறது. அச்சகங்களும் அலுவலகங்களும் நெடுங்காலம், ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களை வைத்த பாமினி எழுத்துருவிலேயே தட்டச்சுச் செய்தன. இன்றும் பலர் செய்கிறார்கள். அப்படித் தட்டிய பெயர்ப்பட்டியலைப் பாமினி இல்லாத கணினியில் திறந்தால் ஆங்கில எழுத்துகளாகக் கொட்டுகிறது. புள்ளி இருக்க வேண்டிய இடத்தில் எல்லாம் அரைப்புள்ளி நிற்கும். யூனிகோடுக்கு மாற்றித் தருகிற கருவிகள் இருக்கின்றன. ஆனால் மாற்றியதை அப்படியே வெட்டாதீர்கள். ஒவ்வொரு பெயரையும் கையால் ஒரு கொப்பியில் எழுதி, கேட்டவருக்குப் படம் எடுத்து அனுப்பி, "இதுதானே?" என்று கேளுங்கள். லகரம், ளகரம், ழகரம், இரண்டு சுழி ன, மூன்று சுழி ண: பெயர் வைத்த வீட்டாரைத் தவிர வேறு எவரும் தீர்ப்புச் சொல்ல முடியாத இடங்கள் இவை. அடையாள அட்டையில் ஒரு மாதிரியும் வீட்டில் ஒரு மாதிரியும் எழுதுகிறவர்கள் நிறையப் பேர். வீட்டார் எழுதுகிறதையே போடுகிறேன்.

இனிப் புள்ளி. கணினியில் வருகிற எழுத்துருக்களில் பெரும்பாலானவற்றில் புள்ளி மிகச் சிறியது. கடதாசியில் அச்சடிக்க அது அழகு. வினைலில் வெட்ட ஆகாது. கத்தி அவ்வளவு சிறிய வட்டத்தைச் சுற்றும்போது புள்ளியே கழன்று கத்தியோடு போய்விடும். போகாவிட்டால், வேண்டாத பகுதியைக் கிள்ளும்போது அதோடு போகும். அதிலும் தப்பினால் தூக்குகிற ஒட்டுத்தாளில் தங்கிவிடும். நான் இப்போது புள்ளிகளை மட்டும் தனியே தெரிவுசெய்து 3 மில்லிமீற்றர் விட்டத்துக்குப் பெருப்பிக்கிறேன். எழுத்தின் உயரம் 15 மில்லிமீற்றருக்குக் குறையாமல் வைக்கிறேன். அந்த உயரத்தில் 3 மில்லிமீற்றர் புள்ளி துருத்திக்கொண்டு தெரியாது. பழைய கடைப் பலகைகளில் தூரிகையால் எழுதியவர்கள் வைத்த தடித்த புள்ளி மாதிரி இருக்கும். தடித்த கோடுள்ள எழுத்துருவையே எடுக்கிறேன். கத்தி மழுங்கியிருந்தாலும் முதலில் பழுதாவது புள்ளிதான். அதனால் வேலை தொடங்கும்போது தாளின் மூலையில் ஒரு "க்" வெட்டிப் பார்க்கிறேன். அந்தப் புள்ளி சுத்தமாக எழும்பாவிட்டால் கத்தியை மாற்றுகிறேன். ஒவ்வொரு தாளிலும் ஒரு ஓரத்தில் பத்துப் புள்ளிகளை மேலதிகமாக வெட்டி வைத்துக்கொள்வதும் வழக்கமாகிவிட்டது.

புள்ளியை மெல்லிய கோட்டால் எழுத்தோடு இணைத்தும் பார்த்தேன். நன்றாக நின்றது. ஆனால் பார்க்கத் தமிழாக இல்லை; விட்டுவிட்டேன்.

இதைவிட நல்ல வழி பிறகு கிடைத்தது. பெயரை வெட்டி ஒட்டாமல், நிறப் பட்டை ஒன்றில் பெயரைத் துளையாக வெட்டுவது. அப்போது எழுத்து, குவளையின் வெள்ளையாகவே தெரியும். புள்ளி ஒரு துளை. துளை எங்கே உதிரப்போகிறது? இதைச் செய்து பார்த்த இரவு எனக்கு நித்திரை வரவில்லை, அவ்வளவு சந்தோஷம். மறுநாள் காலையில் அடுத்த பிரச்சினை தெரிந்தது. சுழியுள்ள எழுத்துகளில் சுழிக்கு நடுவே இருக்கிற பகுதி தனித் தீவாகிவிடுகிறது; இம்முறை உதிர்வது அதுதான். ஒரு மில்லிமீற்றர் அகலப் பாலம் ஒன்றைச் சுழியின் ஓரத்தில் விட்டுப் பட்டையோடு இணைத்தால் நிற்கும். ஆக, பெயரைப் பார்த்துத்தான் வழியைத் தெரிவுசெய்கிறேன். புள்ளி நிறைய, சுழி குறைவு என்றால் துளைப்பட்டை. சுழி நிறைய என்றால் எழுத்தாகவே வெட்டிப் புள்ளியைப் பெருப்பிப்பது. பட்டையின் நான்கு மூலைகளையும் வளைத்துவிட வேண்டும். கூரிய மூலைதான் எப்போதும் முதலில் கிளம்பும்.

ஓலைச்சுவடியில் புள்ளி வைக்காமல்தான் எழுதினார்கள். எழுத்தாணி குத்தினால் ஓலை கிழியும். ஏடு வாசித்தவர்களுக்கு இடம் பார்த்துப் புள்ளியைத் தாங்களே போட்டு வாசிக்கத் தெரிந்திருந்தது. இந்தச் செய்தியை அந்தத் தமிழாசிரியைதான் எனக்குச் சொன்னார், இரண்டாவது குவளையை வாங்க வந்த அன்று.

குவளையின் உருவத்தைப் பற்றியும் ஒரு சொல். நேராக நிற்கிற குவளையில் தாள் எளிதாகச் சுற்றும். செம்பின் வயிறு மாதிரி உப்பிய குவளையில் சுற்றாது. ஒரு கடதாசித் துண்டை வீட்டிலுள்ள செம்பின்மேல் படிய வைத்துப் பாருங்கள். எங்காவது ஓரிடத்தில் மடிப்பு விழும். வினைலும் அப்படித்தான். இழுத்துப் படிய வைத்தாலும், சூடு பட்டால் பழைய அளவுக்குச் சுருங்கி ஓரம் கிளம்பும். அடி ஒடுங்கி வாய் அகன்ற குவளையில் நேர்கோட்டுப் பெயர் வளைந்து தெரியும். கடைகளில் கிடைக்கிற சாதாரண நேர்க் குவளையின் விட்டம் ஏறத்தாழ 8 சென்ரிமீற்றர். சுற்றளவு 25 சென்ரிமீற்றருக்குச் சற்று மேல். ஒரு பக்கத்திலிருந்து பார்க்கிறவருக்கு முழுப்பெயரும் தெரிய வேண்டுமென்றால் 7 சென்ரிமீற்றர் அகலத்துக்குமேல் போகாதீர்கள். ஒரு சதுர அடித் தாளில் அந்த அகலமும் அதே உயரமுமான வடிவங்கள் 16 அடங்கும். 2022 இல் டொலர் 200 ரூபாயிலிருந்து 360 ரூபாய்க்கு ஏறி, தாளின் விலையும் ஏறிய பிறகு, இந்தக் கணக்கைப் போடாமல் நான் ஒரு தாளும் வெட்டுவதில்லை.

அந்த வருடத்து மின்வெட்டும் ஒரு பாடம். பங்குனிக் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரை மின்சாரம் இல்லை. வெட்டிக்கொண்டிருக்கும்போது மின்சாரம் போனால் இயந்திரம் நின்ற இடத்தை மறந்துவிடும். தாளை எறிய வேண்டியதுதான். நேர அட்டவணை வந்தாலும் நம்பாமல், நாலு நாலு பெயராகச் சிறு துண்டுகளில் வெட்டப் பழகினேன். இப்போது மின்சாரம் ஒழுங்காக இருந்தாலும் அப்படித்தான் வெட்டுகிறேன். ஒரு துண்டு பழுதானால் நாலு பெயர்தான் போகும்.

வெயிலும் தூசியும் எங்கள் ஊரில் வேலைக்கு நேரம் குறிக்கின்றன. காண்டாவன வெயிலில் தகரக் கூரைக்குக் கீழே வினைல் இளகி, கிள்ளும்போது இழுபடும். எழுத்தின் உருவமே மாறிவிடும். அதனால் வெட்டுவதும் கிள்ளுவதும் விடிய ஐந்து மணிக்கு. சோளகம் வீசுகிற மாதங்களில் கிறவல் வீதியால் ரிப்பர் லொறி ஒன்று போனால் மேசை முழுவதும் செம்மண் படியும். ஒரு மணல் துகள் பசைக்கு அடியில் போனாலும் அங்கே கூடாரம் மாதிரி எழும்பி நிற்கும். அந்த மாதங்களில் யன்னலைச் சாத்தி, ஈரத் துணியால் மேசையைத் துடைத்து, மின்விசிறியை நிறுத்திவிட்டுத்தான் ஒட்டுகிறேன். மாரியில் எதிர்மாறு. குவளையே வியர்த்திருக்கும், ஒட்டுவதற்கு முன் சற்று இளவெயிலில் வைத்து எடுக்க வேண்டும்.

ஒட்டும் முறை இதுதான். குவளையைச் சுற்றி ஒரு கடதாசிப் பட்டையைச் சுற்றுங்கள். அதன் இரண்டு முனைகளும் சரியாகப் பொருந்தினால் அந்த ஓரம்தான் நேர்கோடு. அதையொட்டிப் பெயரை வையுங்கள். தூக்குகிற ஒட்டுத்தாள் கிடைக்காத நாட்களில் செலோரேப்பைப் பயன்படுத்தினேன். அதன் பசை கூடுதல், புள்ளியைக் குவளையில் விடாது. உடுத்த பருத்தித் துணியில் இரண்டு மூன்று தரம் ஒட்டி எடுத்துப் பசையைக் குறைத்த பிறகே அது உதவும். ஒட்டுத்தாளின் மேலும் கீழும் எழுத்தைத் தொடாமல் சிறு வெட்டுகள் போட்டுவிட்டால் வளைவுக்குப் பணியும். நடுவில் தொடங்கி இரண்டு பக்கமும் பெருவிரலால் தேய்த்துக்கொண்டு போக வேண்டும். ஓரத்தில் தொடங்கினால் காற்று நடுவில் சிக்கும். பழைய வங்கி அட்டையால் அழுத்தித் தேய்த்த பின், ஒட்டுத்தாளை நேரே மேலே இழுக்காமல், தன்மேலேயே மடக்கி, மிக மெதுவாக உரியுங்கள். ஒரு புள்ளி கூடவே எழும்பினால் நிறுத்தி, தாளைத் திரும்பப் படுத்தி, அந்தப் புள்ளியை நகத்தால் அழுத்திவிட்டு மறுபடி உரியுங்கள். எல்லாம் முடிந்த பிறகு ஒவ்வொரு புள்ளியையும் தனித்தனியே பெருவிரலால் பத்து வரை எண்ணி அழுத்துகிறேன். விரலின் அழுத்தமும் சூடும் பசையைப் பரவச் செய்கின்றன.

வினைல் உணவில் படுவதற்கு உகந்த பொருள் இல்லை. உள்ளே ஒட்டவே கூடாது. வெளியிலும் வாய் வைக்கிற விளிம்பிலிருந்து 2 சென்ரிமீற்றராவது கீழே தள்ளித்தான் ஒட்ட வேண்டும். நுண்ணலை அடுப்பில் வைக்கக்கூடாது. இரவு முழுவதும் தண்ணீரில் ஊறப்போடக்கூடாது. ஒட்டிய பிறகு 72 மணித்தியாலம் தண்ணீர் காட்டவே கூடாது. பசை இறுக அவ்வளவு நேரம் எடுக்கும். நாளைக்குப் பிறந்தநாள் என்று இன்று பின்னேரம் வந்து கேட்பவர்களுக்கு நான் இல்லை என்றே சொல்லிவிடுகிறேன். வருமானம் போகிறதுதான். ஆனால் அடுத்த நாளே தேநீர் ஊற்றிக் கழுவப்படுகிற குவளை எப்படி ஆகும் என்று எனக்குத் தெரியும்.

முகப் படம் போட்ட குவளை கேட்கிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும்: அது வேறு தொழில். அதற்குச் சிறப்புப் பூச்சுள்ள குவளையும், 180 பாகைக்குமேல் சூடேற்றும் அழுத்தியும் வேண்டும். சாதாரணப் பீங்கானில் அந்த மை ஏறாது. வினைலை அச்சுத்தகடாக ஒட்டி, நடுவில் பீங்கான் வர்ணம் பூசி, 150 பாகையில் 35 நிமிடம் சுட்டெடுக்கிற வகையும் உண்டு. அது வினைலைவிட நெடுங்காலம் நிற்கும். எங்கள் ஊரில் "அவன்" (oven) என்கிற சூட்டடுப்பு உள்ள வீடு அரிது. பேக்கரிப் போறணையில் வைத்துப் பார்க்கலாமா என்று யோசித்தேன். அதன் சூட்டை அளக்க வழியில்லாமல் கைவிட்டேன். ஒரு நாள் செய்வேன்.

இனி, என்னை மிகவும் கவனமாக வேலை செய்ய வைத்த குவளையைப் பற்றி.

2023 இல் தர்மபுரத்திலிருந்து ஓர் அம்மா வந்தார். மகனுடைய பெயரில் ஒரு குவளை வேண்டும் என்றார். மகன் எங்கே என்று நான் கேட்கவில்லை. கையில் வைத்திருந்த பிளாஸ்டிக் உறையையும், அதற்குள் இருந்த படத்தையும், பல அலுவலகங்களின் முத்திரை விழுந்த கடிதங்களையும் பார்த்ததும் விளங்கிவிட்டது. 2009 இலிருந்து தேடுகிறார்.

"பெயரை மட்டும் போடுங்கள், பிள்ளை. திகதி, பூ, ஒன்றும் வேண்டாம்."

"அலுமாரியில் வைக்கவா, அம்மா?"

"இல்லை. பின்னேரத்தில் எனக்கு ஊற்றும்போது அவனுக்கும் ஊற்றி வைப்பேன். இவ்வளவு நாளும் என்னுடைய கப்பில்தான் வைத்தேன்."

நாள்தோறும் கொதிக்கிற தேநீர். நாள்தோறும் கழுவல். பெயரில் மூன்று புள்ளிகள். துளைப்பட்டை போட நினைத்தேன். பெயரைச் சுற்றி எதுவும் வேண்டாம் என்றார். எழுத்தாகவே மூன்று தரம் வெட்டினேன். முதல் இரண்டும் எனக்குத் திருப்தியில்லை. அதே தாளில் "க்" என்று ஒன்றை வெட்டி என்னுடைய குவளையிலும் ஒட்டி, நானும் ஒவ்வொரு நாளும் அதில் தேநீர் ஊற்றிக் குடித்துப் பார்த்தேன். இன்றும் அந்தப் புள்ளி நிற்கிறது.

எட்டு மாதம் கழித்து, கிளிநொச்சி ஆஸ்பத்திரிக்குக் கிளினிக்குக்கு வந்தவர், அந்த வழியே எங்கள் வீட்டுக்கும் வந்தார். குவளையைத் துவாயில் சுற்றிக் கொண்டுவந்திருந்தார். எழுத்தெல்லாம் புதிதுபோல இருந்தது. நடுப்புள்ளியின் ஓரம் மட்டும் கறுத்து, மயிரளவு கிளம்பியிருந்தது. எதனால் கழுவுகிறீர்கள் என்று கேட்டேன். பொச்சும் சாம்பலும் என்றார். குவளையோடு நான் கொடுத்த சிறு துண்டில், மெல்லிய துணியால் மட்டும் கழுவவும் என்று எழுதியிருந்தேன். அவருக்குக் கண் பார்வை குறைவு. அதை அவர் வாசித்திருக்க முடியாது. அன்றிலிருந்து யாருக்குக் கொடுத்தாலும் வாயால் சொல்லி, திருப்பிச் சொல்லவும் கேட்கிறேன்.

பழைய புள்ளியை ஊசியால் எடுத்தேன். அடியில் இருந்த சாம்பல் கறையை, அற்ககோலில் தோய்த்த, காது துடைக்கிற பஞ்சுக்குச்சியால், பக்கத்து எழுத்தில் படாமல் துடைத்தேன். அந்தத் தாளில் மேலதிகமாக வெட்டி வைத்த பத்துப் புள்ளிகளில் ஏழு இன்னும் கொப்பிக்குள் இருந்தன. ஒன்றை ஊசி முனையில் எடுத்து வைத்து, பெருவிரலால் அழுத்தி எண்ணினேன். அந்த அம்மாவும் கூடவே வாய்க்குள் எண்ணினார்.

"மூன்று நாளைக்குத் தண்ணீர் படக்கூடாது, அம்மா. தேநீரும் ஊற்ற வேண்டாம்."

"சரி, பிள்ளை. மூன்று நாளைக்கு என்னுடைய கப்பில் ஊற்றி வைக்கிறேன்."

துவாயில் மறுபடி சுற்றி, பைக்குள் நிமிர்த்தி வைத்துக்கொண்டு, மூன்றே கால் பஸ்ஸுக்குப் போனார்.